ஸ்கூபி டூ: 1998-ஆ, 1999-ஆ, 2019-ஆ?

ஸ்கூபி டூ முழுநீளப் படங்களில் எதைப் பார்ப்பது என்று கேட்டால், நான் யோசிக்காமல் 1998-இல் வந்த 'ஜாம்பி ஐலண்ட்' என்றுதான் சொல்வேன். ஸ்கூபி என்ற நாயும் அதன் நண்பர்களும் பேய் மர்மங்களைத் துப்பறியும் ஸ்கூபி டூ, 1969-இல் தொடங்கிய கார்ட்டூன் தொடர். பேயைத் துரத்து, பிடி, முகமூடியை உருவு, உள்ளே யாரோ ஒரு பேராசைக்காரர் என்று அதே கதையை வருடக்கணக்கில் ஓட்டி, 1991-இல் குட்டி ஸ்கூபி தொடரும் முடிந்தபின் மறுஒளிபரப்பில்தான் உயிர் ஒட்டிக்கொண்டிருந்தது.

அப்புறம் நேராக வீடியோவில் இந்தப் படம் வந்தது. ஜப்பானின் மூக் ஸ்டுடியோ வரைந்த லூசியானா சதுப்புநிலத்தைப் பார்த்தாலே முதுகு சில்லிடும். நண்பர்களில் ஒருவனான ஃப்ரெட் வழக்கம்போல ஜாம்பியைப் பிடித்து முகமூடியை இழுக்கிறான், தலையே கையோடு வந்துவிடுகிறது! முப்பது வருடப் பழக்கத்தை ஒரே இழுப்பில் உடைத்த காட்சி அது. ஆனால் எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது, அந்த ஜாம்பிகள் கெட்டவர்களே இல்லை என்பது. தீவில் பலியான பாவப்பட்ட உயிர்கள், அடுத்தவரும் மாட்டிக்கொள்ளக் கூடாதே என்று எழுந்து வருகிறார்கள். நிஜ ஆபத்து, விருந்து போட்டு உபசரித்த சிமோனும் லீனாவும்தான். அவர்களுக்கும்கூட ஒரு காரணம் இருக்கிறது, கடற்கொள்ளையர்கள் அவர்கள் ஊரையே முதலைகளுக்கு இரையாக்கியவர்கள். பயத்தோடு துக்கமும் சேர்ந்துவிடுவதால்தான் படம் இன்றும் நிற்கிறது.

1999-இன் 'விட்ச்ஸ் கோஸ்ட்' இதற்குச் சரியான போட்டி. முதல் பாதியில் பழைய முகமூடி வித்தை, பிறகு நிஜ சூனியக்காரி. டிம் கரி குரலில் வரும் எழுத்தாளர் பென் ரேவன்கிராஃப்ட் அருமை, படத்தில் வரும் ஹெக்ஸ் கேர்ள்ஸ் இசைக்குழுவின் பாட்டு இன்னும் காதில் நிற்கிறது. விறுவிறுப்பில் குறையே இல்லை, மனசு கனக்கும் இடம்தான் இல்லை.

2019-இல் அதே தீவுக்குத் திரும்பிப்போன படம் எனக்குக் கொஞ்சமும் ஒட்டவில்லை. ஜாம்பிகளை மறுபடி வேஷக்காரர்கள் ஆக்கிவிட்டால் பழைய படத்தில் செத்தவர்களுக்கு என்ன மரியாதை?

வீட்டில் ரொம்பச் சின்னப் பிள்ளை இருந்தால் மட்டும் 1999-ஐ முதலில் போடுங்கள். 1998 படத்தில், குழிக்குள் விழுந்த நண்பன் ஷாகியும் ஸ்கூபியும் பார்க்கப் பார்க்க, கொள்ளையன் மூன்ஸ்காரின் எலும்புக்கூட்டில் சதை ஏறி எழுந்து நிற்பதை அந்த வயதில் பார்த்தால் ராத்திரி தூக்கம் போய்விடும்.