பழைய சிட்டி ஆட்டோமேட்டிக்கும் ஒரு ட்ரெயின் பிளக்கும்

செகண்ட் ஹேண்டில் ஒரு ஹோண்டா சிட்டி ஆட்டோமேட்டிக் வந்திருக்கிறது, எடுக்கலாமா என்று நண்பர் கேட்டார். 2008 கடைசியில் இந்தியாவுக்கு வந்து, 2014 தொடக்கத்தில் அடுத்த தலைமுறை சிவிடியோடு (படிப்படியான கியர்கள் இல்லாத ஆட்டோமேட்டிக்) வந்ததும் விடைபெற்ற அதே மாடல். என்னிடம் இருப்பதும் அதுதான், ஐந்து கியர் ஆட்டோமேட்டிக், ஸ்டீயரிங்குக்குப் பின்னால் கியர் மாற்றும் பேடில் வைத்தது. மைலேஜ், பூட், பின் சீட் பற்றியெல்லாம் எழுதப்போவதில்லை, அதெல்லாம் ஊருக்கே தெரியும். நான் எழுத வந்தது கியர்பாக்ஸுக்கு அடியில், பழைய ஆயிலை வடிக்கக் கழற்றும் ட்ரெயின் பிளக்கைப் பற்றி. போன மழைக்காலம் முழுக்க என் நிம்மதியைக் கெடுத்தது அது. இப்போதுதான் மாற்றி முடித்தேன். கோபம் இன்னும் முழுசாக அடங்கவில்லை.

முதலில் நியாயமாகச் சொல்ல வேண்டியதைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கியர்பாக்ஸ் அருமையான பொருள். மற்ற கம்பெனிகளின் ஆட்டோமேட்டிக்கில் நடுவில் ஒன்று, அதைக் கிரகங்கள் மாதிரி சுற்றி வரும் பல்சக்கரங்கள் இருக்கும். ஹோண்டா இதில் மேனுவல் கியர்பாக்ஸ் மாதிரியே பக்கத்தில் பக்கத்தில் படுத்திருக்கும் ஷாஃப்டுகளை வைத்து, ஒவ்வொரு கியருக்கும் ஹைட்ராலிக் கிளட்ச் கொடுத்திருக்கிறது. ஓட்டும்போது அந்த நேரடித் தன்மை காலில் தெரியும். கத்திப்பாரா மேம்பாலம் ஏறும்போது கியரைப் பிடித்துக்கொண்டே ஏறும், பாதியில் மேல் கியருக்குத் தாவி இழுவையைத் தொலைக்காது. ஏலகிரி இறக்கத்தில் பேடிலைத் தட்டி இரண்டாவது கியரில் விட்டால் பிரேக்கை அதிகம் தொட வேண்டியதே இல்லை. இத்தனை வருடத்தில் கியர்பாக்ஸின் உள்ளே ஒரு கோளாறும் வந்ததில்லை.

கோளாறு வெளியில் வந்தது. எங்கள் அடுக்குமாடியில் கார் நிறுத்தும் தளத்துக்கு வெளிர் நிற டைல்ஸ். கியர் ஆயில் மாற்றிக்கொண்டு வந்த சில வாரங்களில் வண்டியின் இடது முன்பக்கத்துக்குக் கீழே ஒரு சிவப்புச் சொட்டு. துடைத்தால் மறுநாள் திரும்ப வரும். ஏசி தண்ணீர் என்றால் நிறம் இருக்காது. இன்ஜின் ஆயில் பழுப்பு அல்லது கறுப்பு. ஹோண்டாவின் கூலன்ட் நீலம். ஸ்டீயரிங் மின்சார மோட்டாரில் இயங்குவதால் அதற்கென்று தனி ஆயிலே இந்த வண்டியில் கிடையாது. சிவப்பாக, விரலில் தேய்த்தால் மெலிசாக வழுக்குவது ஏடிஎஃப், அதாவது ஆட்டோமேட்டிக் கியர்பாக்ஸ் ஆயில் மட்டும்தான்.

ஆயில் மாற்றிய அதே சர்வீஸ் சென்டருக்குத்தான் முதலில் போனேன். ராம்ப்பில் ஏற்றினார்கள், பார்த்தார்கள், பிளக்கை இன்னும் கொஞ்சம் இறுக்கி அனுப்பினார்கள். கொஞ்ச நாள் நின்றது. மறுபடி சொட்டு. மறுபடி போனேன், மறுபடி இறுக்கினார்கள். அதற்கு அடுத்த முறை பிளக்கைச் சுற்றி சிலிக்கான் பேஸ்ட் அப்பி, "இனி வராது சார்" என்றார்கள். அட்வைசர் தம்பி மரியாதையாகத்தான் பேசினார், காசும் வாங்கவில்லை. அந்த மட்டில் அவரைக் குறை சொல்ல மாட்டேன். ஆனால் ஒவ்வொரு முறையும் நான் கேட்டது ஒரே கேள்வி: "வாஷர் மாற்றினீங்களா?" அதற்கு ஒரு தடவைகூட நேரான பதில் கிடைக்கவில்லை.

அந்த வாஷர்தான் முழு விஷயமும். ட்ரெயின் பிளக்குக்கும் கியர்பாக்ஸ் உடலுக்கும் நடுவில் 18 மில்லிமீட்டர் அலுமினிய வாஷர் ஒன்று உட்கார்ந்திருக்கும். இறுக்கும்போது அது நசுங்கி, இரண்டு பக்கமும் இருக்கும் நுண்ணிய மேடு பள்ளங்களை நிரப்பிக்கொள்ளும். ஒரு முறை நசுங்கினது மறுமுறை அதே மாதிரி நசுங்காது. பிளக்கைக் கழற்றினால் புது வாஷர் போட வேண்டும், அவ்வளவுதான் விதி. விலை வெறும் சில பத்து ரூபாய். ஆயிலுக்கு ஆயிரக்கணக்கில் பில் போடும் இடத்தில் இதை மிச்சம் பிடிப்பதற்கு என்ன காரணம் இருக்க முடியும் என்று எனக்கு இன்றைக்கும் புரியவில்லை.

இறுக்கினால் நின்றுவிடும் என்ற நினைப்பு இந்த வண்டியில் ஆபத்தானது. பல கார்களில் கியர்பாக்ஸுக்கு அடியில் ஆயில் தேங்கும் தகரத் தட்டு, அதாவது பேன் இருக்கும், பிளக் அதில் மாட்டும். த்ரெட்டு போனால் பேனை மாற்றிவிடலாம். இதில் பேன் கிடையாது. பேன் கேஸ்கெட் லீக் என்ற தலைவலியே இல்லாதது நல்ல விஷயம்தான். ஆனால் பிளக் நேராக கியர்பாக்ஸின் அலுமினிய உடலில் முறுகி உட்காருகிறது. இரும்பு பிளக்கை அலுமினியத்தில் கைக்கு வந்தபடி முறுக்கிக்கொண்டே போனால் ஒரு நாள் த்ரெட்டு கையோடு வந்துவிடும். பிறகு ஹெலிகாயில் (புது த்ரெட்டாக உட்காரும் கம்பிச் சுருள்) போட்டுத்தான் காப்பாற்ற வேண்டும். ஹோண்டா சொல்வது 49 நியூட்டன் மீட்டர், அதாவது 36 அடி-பவுண்டு. இறுக்கும் அளவைக் காட்டும் டார்க் ரெஞ்சில் அந்த அளவு பிடித்துப் பார்த்தால் "இவ்வளவுதானா" என்று தோன்றும்.

கடைசியாகப் போனபோது வேறு கதை சொன்னார்கள். ஆக்ஸில் ஆயில் சீல் போயிருக்கிறது, ஷாஃப்டை உருவி இரண்டு பக்கமும் மாற்ற வேண்டும் என்று ஒரு பெரிய எஸ்டிமேட். அப்படியும் நடக்கலாம் என்பதை மறுக்க முடியாது. மேலே சீலிலோ கூலர் ஹோஸிலோ கசிந்தாலும் ஆயில் வழிந்து வந்து கீழே இருக்கும் பிளக்கில்தான் தொங்கும். அதனால் கையெழுத்துப் போடுவதற்கு முன் சோதித்துப் பார்த்துவிடலாம் என்று எங்கள் தெருமுனை மெக்கானிக்கிடம் வண்டியை விட்டேன்.

அவர் முதலில் அந்த இடம் முழுவதையும் பிரேக் கிளீனர் அடித்துத் துடைத்தார். காய்ந்ததும் ஆக்ஸில் சீலைச் சுற்றியும், ஹோஸ் மூட்டுகளிலும், பிளக்கைச் சுற்றியும் முகத்துக்குப் போடும் டால்கம் பவுடரைத் தூவினார். ஒரு ரவுண்டு ஓட்டி வந்து, சூடு ஆறும் வரை நிறுத்தி, டார்ச் அடித்துப் பார்த்தோம். சீல் பக்கம் பவுடர் வெள்ளையாக அப்படியே இருந்தது. ஹோஸ் பக்கமும் அப்படியே. பிளக்கின் ஒரு விளிம்பில் மட்டும், சிலிக்கான் பேஸ்ட் உரிந்திருந்த இடத்தில், நகக்கீறல் அளவுக்கு ஒரு ஈரச் சிவப்புக் கோடு. அதைப் பார்த்ததும் எனக்கு நிம்மதியும் ஆத்திரமும் ஒன்றாக வந்தன.

"அண்ணே, வாஷர் மட்டும் மாற்றினா போதுமா?" என்று கேட்டேன்.

"பிளக்கைக் கழட்டினாதான் சார் தெரியும். இதுக்கு மேல யாரும் முறுக்க விட்டுடாதீங்க, பாடி த்ரெட்டு போயிடும்."

இந்தப் பிளக்கின் தலையில் 3/8 இன்ச் சதுரக் குழி இருக்கும். ராட்செட்டின் முனையே அதில் நேராகப் பொருந்தும், சாக்கெட் வேண்டாம், ஆலன் கீ வேண்டாம். இவ்வளவு எளிமையான, நல்ல யோசனையை நான் வேறு வண்டியில் பார்த்ததில்லை. எங்கள் பிளக்கில் அந்தக் குழி பேஸ்ட்டால் அடைந்து, மூலைகள் தேய்ந்திருந்தன. சரியான அளவில்லாத எதையோ விட்டுத் திருப்பியிருக்கிறார்கள். அண்ணன் கூர்முனைக் கம்பியால் குழியைச் சுரண்டிச் சுத்தமாக்கி, எக்ஸ்டென்ஷனை மரச் சுத்தியலால் தட்டி அடி வரை இறக்கி, நீளக் கைப்பிடி போட்டு ஒரே சீராக அழுத்தினார். டொக் என்று விட்டது.

வெளியே வந்த பிளக்கைத் துடைத்து உள்ளங்கையில் வைத்துப் பார்த்தேன். முனையில் இருக்கும் காந்தத்தில் சாம்பல் நிறக் குழம்பு மெலிசாகப் படிந்திருந்தது. அது இருக்க வேண்டியதுதான், கிளட்ச்சும் பல்லும் தேயும் பொடி. சில்லுகளோ ஊசி மாதிரியான துண்டுகளோ இருந்தால்தான் கவலைப்பட வேண்டும், அப்படி ஒன்றும் இல்லை. வாஷர் தகடாகிப் போயிருந்தது, விளிம்பு வெளியே பிதுங்கி நின்றது. அதைப் பிளக்கிலிருந்து பிரித்தெடுத்த பிறகுதான் உண்மையான காரணம் தெரிந்தது. பிளக்கின் உட்காரும் முகத்தில், உள் விளிம்பிலிருந்து வெளி விளிம்பு வரை குறுக்கே ஒரு உளி வெட்டு. எப்போதோ யாரோ ஒட்டிக்கொண்ட வாஷரை உளி வைத்துத் தட்டிப் பெயர்த்திருக்கிறார்கள். எத்தனை இறுக்கினாலும் அந்த வெட்டு வழியாக ஆயில் வந்துகொண்டேதான் இருக்கும். கியர்பாக்ஸ் உடலின் முகத்தை விரலால் சுற்றித் தடவிப் பார்த்தோம், பிழைத்திருந்தது.

இன்னொன்றும் கவனித்தோம். ஒரு முறை ட்ரெயின் செய்தால் இதில் ஏறத்தாழ இரண்டரை லிட்டர் வர வேண்டும், மிச்சம் டார்க் கன்வெர்ட்டரிலும் கிளட்ச்களிலும் தங்கிவிடும். எங்களுக்கு வந்தது இரண்டு லிட்டரைத் தொடவில்லை. சமீபத்தில் காலையில் டி-யில் போட்டதும் வண்டி ஒரு கணம் தயங்கியதற்குக் காரணம் அதுவாகத்தான் இருக்க வேண்டும். ஆயில் குறைந்தால் பம்ப் காற்றையும் சேர்த்து இழுக்கும், அழுத்தம் விழும், கிளட்ச் வழுக்கும், வழுக்கினால் சூடு, சூடானால் தேய்மானம். "சொட்டுதானே சார்" என்று என்னிடம் சொன்னவர்களுக்கு இது தெரியாமல் இருக்க முடியாது.

சென்னையில் கார் பாகங்கள் விற்கும் ஜிபி ரோட்டில் புது ஒரிஜினல் பிளக்கும் வாஷரும் கிடைத்தன. டெஃப்லான் டேப் சுற்றச் சொன்னவர்களும் உண்டு, நான் ஒப்புக்கொள்ளவில்லை. அதன் பிசிறு உள்ளே போய் ஆயில் வழியைத் திறந்து மூடும் சோலினாய்டின் வடிகட்டியில் மாட்டினால் வேறு வினை. புது பிளக் கையாலேயே கடைசி வரை ஏறியது, பிறகு டார்க் ரெஞ்சில் 49. ஆயில், இசட்1 என்ற பழைய ஆயிலுக்குப் பதிலாக வந்த ஹோண்டா டிடபிள்யூ-1. சிவிடிக்கான ஆயில் வேறு, அதை இதில் ஊற்றக்கூடாது. டிப்ஸ்டிக் துளையில் நீளப் புனல் வைத்து ஊற்றி, பிரேக்கை மிதித்தபடி எல்லா நிலைகளிலும் லிவரைப் போட்டு எடுத்தோம். ரேடியேட்டர் ஃபேன் ஓடும் வரை சூடாக்கி, இன்ஜினை அணைத்து, ஒரு நிமிடத்துக்கு மேல், ஒன்றரை நிமிடத்துக்குள் அளவு பார்த்தோம். இந்த நேரக் கணக்கைத் தவறவிட்டால் டிப்ஸ்டிக் காட்டும் அளவை நம்ப முடியாது.

இப்போது டைல்ஸில் ஒன்றும் இல்லை. டி-யில் தயக்கமும் போய்விட்டது. வண்டி நான் வாங்கிய புதிதில் இருந்த மாதிரி நகர்கிறது. இதை நான் விற்க மாட்டேன்.

ஆனாலும் நண்பருக்கு நான் சொன்னது: வாங்காதே. வண்டி கெட்டது என்பதால் இல்லை. ஒரு வாஷரை மாற்றிப் போடும் பொறுமை உள்ள கை அதை இதுவரை தொட்டிருக்கிறதா என்பது உனக்குத் தெரியப்போவதில்லை, சர்வீஸ் பில்லில் அது எழுதியிருக்காது. ஆசை விடவில்லை, போய்ப் பார்த்தே ஆக வேண்டும் என்றால் டெஸ்ட் டிரைவுக்கு முன் ஒரு டார்ச் எடுத்துக்கொண்டு இடது முன் சக்கரத்தை ஒட்டிக் கீழே குனிந்து பார். பிளக்கைச் சுற்றிப் பேஸ்ட் இருந்தாலோ, சதுரக் குழியின் மூலைகள் உருண்டிருந்தாலோ, விலை பேசாமல் கிளம்பி வந்துவிடு.