நியூஸ்பேப்பர்எஸ்ஜி: இயக்குநரைத் தேடினால் நீதிபதி வருகிறார்

‘பொந்தியானாக்’ பேயைத் தெரியாதவர் சிங்கப்பூரில் இல்லை. 1957இல் அதைப் படமாக எடுத்த பி. என். ராவைத் தெரிந்தவர்கள்தான் குறைவு. தமிழில் ‘ரம்பையின் காதல்’ (1939), ‘மதனகாமராஜன்’ (1941) எடுத்த அதே ராவ். இங்கே ஷா பட நிறுவனத்தின் ஜாலான் அம்பாஸ் ஸ்டூடியோவிலும் பிறகு கேத்தே கெரிஸ் நிறுவனத்திலும் மலாய்ப் படங்களை இயக்கினார்.

இப்படிப்பட்டவர்களைத் தேதிவாரியாகப் பின்தொடர தேசிய நூலக வாரியத்தின் பழைய செய்தித்தாள் இணையத் தொகுப்பான நியூஸ்பேப்பர்எஸ்ஜியை விட்டால் வேறு நல்ல வழி இல்லை. காசும் கேட்காது. பழைய இதழ்கள் வீட்டிலேயே திறக்கும். பிற்கால இதழ்கள் சிலவற்றுக்கு மட்டும் நூலகக் கணினிதான் கதி.

ஆனால் வெறும் பெயரைத் தட்டினால் தலைவலி. 1950களின் தொடக்கத்தில் ஐ.நா.வில் இந்தியாவுக்காகப் பேசியவர் சர் பி. என். ராவ், பிறகு அனைத்துலக நீதிமன்ற நீதிபதி. ஆங்கிலத்தில் அவர் பெயர் ‘யு’வில் முடியும், இயக்குநருடையது ‘ஓ’வில். அச்சுக்கோப்பவர் மாற்றிப் போட்டிருந்தால் தீர்ந்தது கதை. பெயரை மேற்கோள்குறிக்குள் போட்டு, கூடவே ‘ஷா’ அல்லது ‘கேத்தே’ சேர்த்து, ஆண்டு வரம்பை இரண்டு இரண்டாகக் குறுக்குங்கள்.

படப்பெயரில் தேடினால் பழைய எழுத்துமுறை முக்கியம். 1972க்கு முன் மலாயில் ‘ச்’ ஒலிக்கு ‘சி-எச்’ என்று இரண்டு எழுத்து. இன்றைய ஒற்றைச் ‘சி’யைத் தட்டினால் ‘சிந்தா’ (1948) என்று ஒரு படம் வந்த சுவடே இருக்காது.

விளம்பரங்களை வடிகட்டி எறிந்துவிடாதீர்கள். சின்னக் கலைஞர்களின் பெயர் செய்தியில் வராமல் திரையரங்க விளம்பரத்தின் ஓரத்தில் கிடக்கும். அலங்கார எழுத்தைக் கணினி சரியாகப் படிக்காது என்பதால் தேடலில் சிக்காது. ‘பொந்தியானாக்’ கேத்தே திரையரங்கில் திரையேறியது 1957 ஏப்ரல் 27. அந்த வாரத்துப் பக்கங்களை ஒவ்வொன்றாகத் திறந்து கண்ணால் தேடுவதுதான் வேகமான வழி. சிங்கப்பூரின் தமிழ் நாளிதழான தமிழ் முரசுக்கும் இதே முறைதான்: ஆங்கிலப் பத்திரிகையில் தேதியைப் பிடித்துக்கொண்டு பிறகு முரசைப் புரட்டுங்கள்.

இவ்வளவு மெனக்கெட வேண்டுமா என்றால், ராவ் விஷயத்தில் வேண்டும். மூன்றாம் பாகமான ‘சும்பா பொந்தியானாக்’ (1958) தப்பிவிட்டது. முதல் படத்தின் பிரதி இன்று இல்லை. அந்த விளம்பரக் கட்டம் இருக்கிறது.