பன்னிரண்டு வருஷம் புரட்டிய ஐசிடி-10: பைண்டிங் மாற்றிய கையோடு எழுதுவது

ஐசிடி-10 என்பது நோய், காயம், அவற்றின் காரணம் ஒவ்வொன்றுக்கும் எண் கொடுக்கும் உலக சுகாதார நிறுவனத்தின் பட்டியல். நோயாளியின் கேஸ் நோட்டைப் படித்து அந்த எண்ணைப் போடும் கோடிங்தான் ஆஸ்பத்திரியில் என் வேலை. போன மாதம் என் ஐசிடி-10 புத்தகங்களைப் பினாங்கு ஜார்ஜ்டவுனில் ஒரு பைண்டிங் கடையில் கொடுத்து வாங்கினேன். யு.எஸ்.எம். பல்கலைக்கழக மாணவர்களின் ஆய்வேடுகளுக்கு அட்டை போடும் சின்னக் கடை. மூன்று தொகுதியில் முதுகு பிளந்த இரண்டுக்கும் சேர்த்து 70 வெள்ளி (ரிங்கிட்). அதே வாரம் கோலாலம்பூரில் புதிதாகக் கோடிங் வேலைக்குச் சேர்ந்த ஒரு தங்கை வாட்ஸ்அப்பில் கேட்டாள்: "அக்கா, நீங்க இன்னும் புத்தகம் வச்சுத்தானே பார்க்கிறீங்க? நானும் ஒரு செட் வாங்கட்டுமா?" அவளுக்கு எழுத ஆரம்பித்த பதில்தான் இது.

முதல் தொகுதியில் எண்கள் வரிசையாக இருக்கும், மூன்றாம் தொகுதி அந்த எண்ணைத் தேடிப் பிடிக்க உதவும் அகரவரிசை. விதிமுறைகள் அடங்கிய இரண்டாம் தொகுதி இன்னும் புதுசு போலத்தான் இருக்கிறது. முதுகு பிளந்தவை மற்ற இரண்டும். முதல் தொகுதி சரியாக இரண்டு இடத்தில் பிளந்திருந்தது. ஒன்று டி80 (T80) முதல் டி88 வரை, இன்னொன்று ஒய்60 (Y60) முதல் ஒய்84 வரை. எலும்பு அறுவை சிகிச்சை அதிகம் நடக்கும் இடத்தில் வேலை பார்ப்பதால் தினமும் ஒரு விரல் அங்கே, ஒரு விரல் இங்கே. மூன்றாம் தொகுதியின் அகரவரிசையிலும் இதே கதைதான். நோய்க்கு ஒரு பகுதி, வெளிக்காரணத்துக்கு இன்னொரு பகுதி.

அறுவை சிகிச்சையில் சிக்கல் வந்துவிட்டால் ஒரு எண்ணோடு வேலை முடியாது. என்ன ஆனது என்பதை டி வரிசை சொல்லும். எதனால் ஆனது என்பதை ஒய் வரிசை சொல்லும். செயற்கை இடுப்பு மூட்டு தளர்ந்தால் டி84.0. அதே மூட்டில் கிருமி தொற்றினால் டி84.5. இதுவரை சுலபம். புத்தகத்தின் அருமை ஒய் வரிசையில்தான் தெரியும். அங்கே மூன்று வாசல். கை தவறியது என்றால் ஒய்60 முதல் 69: படக்கூடாத இடத்தில் கத்தி பட்டது, பஞ்சு உள்ளே தங்கிவிட்டது போன்றவை. கருவியே பழுதானது என்றால் ஒய்70 முதல் 82. யார் கையும் தவறவில்லை, கருவியும் கெடவில்லை, ஆனாலும் பின்னால் சிக்கல் வந்தது என்றால் ஒய்83, 84.

இப்படிப் பிரிக்க வேண்டும் என்று யோசித்தவர்கள் மேல் எனக்கு இன்றைக்கும் மரியாதை உண்டு. டாக்டர் 'இம்பிளாண்ட் ஃபெயிலியர்' (உள்ளே பொருத்தியது பழுது) என்று இரண்டு சொல்லில் எழுதிவிட்டுப் போய்விடுவார். முறிந்த எலும்பைச் சேர்த்துப் பிடிக்க வைத்த பிளேட்டே உடைந்ததா, இல்லை பிளேட் முழுசாக இருக்க ஸ்க்ரூ மட்டும் எலும்பிலிருந்து கழன்றதா? டி எண் இரண்டுக்கும் ஒன்றுதான், டி84.1. ஆனால் உடைந்திருந்தால் ஒய்79.2, உடையாமல் கழன்றிருந்தால் ஒய்83.1. வேலைக்கு வந்த புதிதில் எல்லாவற்றுக்கும் ஒய்83.1 போட்டுத் தள்ளினேன். கருவி பழுதானால் அது இங்கே வராது என்று சொல்லும் 'இதில் சேராதவை' குறிப்பு ஒருநாள் அந்தப் பக்கத்தில் கண்ணில் பட்டது. அன்றிலிருந்து போனை எடுத்து டாக்டரைக் கேட்கிறேன். எக்ஸ்ரேயை நானே திறந்தும் பார்க்கிறேன். என்னை நல்ல கோடராக்கியது எந்தப் பயிற்சி வகுப்பும் இல்லை, அந்தக் குறிப்புதான்.

இவ்வளவு சொன்ன பிறகு என் கோபத்தையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

ஒரு வருஷம் தைப்பூசத்துக்கு முந்தைய வாரம் ஒரு கேஸ் நோட் வந்தது. தொடை எலும்பு முறிவு, பிளேட் வைத்த ஆபரேஷன். எலும்பில் துளை போடும்போது டிரில் பிட்டின் நுனி உடைந்து உள்ளேயே நின்றுவிட்டது. ஆபரேஷன் நோட்டில் ஒரே வரி: நுனி உடைந்தது, எடுக்கவில்லை. முதலில் டி81.5-க்குப் போனேன். அங்கே 'தவறுதலாக விடப்பட்ட பொருள்' என்று இருந்தது. 'தவறுதலாக' என்ற சொல் என்னைத் தடுத்தது. சர்ஜனைக் கூப்பிட்டுக் கேட்டேன். "ஆழமா இருந்துச்சு. தோண்டி எடுத்தா எலும்பு இன்னும் போயிருக்கும். தெரிஞ்சேதான் விட்டேன், பேஷண்ட்கிட்டயும் சொல்லிட்டேன்" என்றார். எங்கள் பிரிவில் பேசி டி81.8 என்று முடிவு செய்தோம். காரணத்துக்கு ஒய்79.3.

அந்த ஒய்79.3-தான் என்னைப் பன்னிரண்டு வருஷமாக உறுத்துகிறது. எலும்பு மருத்துவத்தின் அறுவைக் கருவிகள், பொருட்கள், தையல் நூல் உட்பட. அவ்வளவுதான் அதன் பொருள். உடைந்த டிரில் பிட்டுக்கும் அறுந்த தையலுக்கும் ஒரே எண்.

இதே புத்தகத்தின் இதே 20-ஆம் அத்தியாயத்தில் மோட்டார் சைக்கிளில் போனவர் எதில் மோதினார் என்று சொல்ல வி20 முதல் வி29 வரை பத்து எண் இருக்கிறது. கார் என்றால் வி23, லாரி என்றால் வி24, ரயில் என்றால் வி25. ஓட்டினவரா, பின்னால் உட்கார்ந்தவரா என்று நான்காவது இலக்கம் கேட்கும். தேள் கொட்டினால் எக்ஸ்22, பூரான் கடித்தால் எக்ஸ்24. பூரானுக்குக் கிடைத்த இடம் ஒரு மனிதரின் எலும்புக்குள் ஆயுசுக்கும் இருக்கப்போகும் இரும்புத் துண்டுக்குக் கிடைக்கவில்லை.

என் தம்பி பினாங்கின் பாயான் லெப்பாஸில் மருத்துவக் கருவிகள் செய்யும் தொழிற்சாலையில் தரப் பரிசோதனையில் இருக்கிறான். ஒருமுறை கிடுக்கி ஒன்றின் கைப்பிடியைப் பூதக்கண்ணாடிக்குக் கீழே வைத்து எனக்குக் காட்டினான். லேசரில் பொறித்த எண், அரிசியில் பாதிகூட இல்லாத எழுத்து. "இந்த எண்ணை வச்சு எந்த நாள், எந்த லாட்ல (தொகுப்புல) செஞ்சதுன்னு எங்களால சொல்ல முடியும். இது உங்க கோடுல எங்கக்கா வரும்?" என்று கேட்டான். எங்கேயும் வராது என்றேன். மலேசியாவில் மருத்துவக் கருவிச் சட்டம் 2012 இருக்கிறது, அதன்படி கருவியால் நேர்ந்ததை அதற்கான அரசு ஆணையத்துக்குத் தெரிவிக்கத் தனி வழி இருக்கிறது. அது வேறு படிவம், வேறு மேசை. என் எண்ணும் அந்தப் படிவமும் ஒன்றையொன்று பார்ப்பதில்லை.

பிளேட், ஸ்க்ரூவுக்காவது உறையிலிருந்து உரித்த ஸ்டிக்கரை நர்ஸ் கேஸ் நோட்டில் ஒட்டிவிடுவார். கழுவிக் கிருமி நீக்கி மறுபடி மறுபடி எடுக்கும் டிரில் பிட்டுக்கு ஸ்டிக்கரும் இல்லை. எத்தனை எலும்பைத் துளைத்த பிறகு அது உடைந்தது? எந்த செட்டிலிருந்து வந்தது? டிரில் பிட் உடைந்த அந்தக் கேஸ் வந்த அன்றைக்கு ஆபரேஷன் தியேட்டருக்கு நேரில் போய்க் கேட்டு, செட் எண்ணை மட்டும் வாங்கிவந்தேன். கோடில் போட இடமில்லை என்பதால் புத்தகத்தின் ஓரத்தில் எழுதிவைத்தேன். அதன் பிறகு வந்த ஒவ்வொன்றையும் அப்படித்தான் எழுதுகிறேன்.

2022 ஜனவரியிலிருந்து நடைமுறைக்கு வந்த அடுத்த பதிப்பான ஐசிடி-11 என்ன தீங்கு, எதனால், எப்படி என்று மூன்றாகக் கேட்டு, எண்களைக் கோத்து எழுதச் சொல்கிறது. பயிற்சிக்காகப் பழைய கேஸ்கள் சிலவற்றை அதில் போட்டுப் பார்த்தேன். கேள்வி கேட்கும் முறை இதைவிட நன்றாக இருக்கிறது.

ஆகவே தங்கச்சி, வாங்காதே. உலக சுகாதார நிறுவனத்தின் இணையப் பக்கத்தில் ஐசிடி-10 இலவசமாகவே இருக்கிறது, சேராதவைக் குறிப்பும் அங்கே இருக்கிறது. அந்தக் காசை வைத்துக்கொண்டு ஐசிடி-11 படி.

பைண்டிங் கடை அங்கிள் புத்தகத்தைத் தட்டி அடுக்கிவிட்டு, ஓரத்தை இரண்டு மில்லிமீட்டர் வெட்டினால் நேராக வரும், வெட்டட்டுமா என்று கேட்டார். ஒய்79 பக்கத்தைத் திறந்து காட்டினேன். ஓரம் முழுக்கப் பென்சில் எழுத்து, மாதமும் செட் எண்ணுமாக. அவர் கத்தியைக் கீழே வைத்துவிட்டு, கோணலாகவே ஒட்டிக் கொடுத்தார்.