யான் டெக்லெய்ரின் நான்கு படங்கள்: கொழிஞ்சாம்பாறைத் திரையிடல்

பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் ஒரு வாசகசாலை, ஞாயிறு மாலைகளில் பெல்ஜிய நடிகர் யான் டெக்லெய்ரின் நான்கு படங்களைப் போட்டது. நுழைவு இலவசம். படத்தேர்வில் குறை சொல்ல எதுவும் இல்லை. ஓட்டிய விதத்தில் நிறைய இருக்கிறது.

டெக்லெய்ர் 1946இல் ஆன்ட்வெர்ப் மாகாணத்தின் நீல் என்ற ஊரில் பிறந்தவர். 1971இல் 'மீரா' மூலம் திரைக்கு வந்தார். கட்டுமஸ்தான உடம்பு, அடிவயிற்றிலிருந்து எழும் குரல்: இந்த இரண்டையும் வைத்துக்கொண்டே பாதிரியாராகவும் கொலைகாரனாகவும் நம்மை நம்பவைப்பவர்.

முதலில் 'தான்ஸ்' (1992). 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஆல்ஸ்ட் நகரத்து நூற்பாலைத் தொழிலாளர்களுக்காக நின்ற பாதிரியாரின் கதை. கோவை மில் கதைகளைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு விளக்கவுரை தேவைப்படாது. ஆனால் சப்டைட்டில் ஒன்றை மறைத்துவிடுகிறது. தொழிலாளிகள் பேசுவது பிளெமிஷ் (பெல்ஜியத்து டச்சு), முதலாளிகளும் மேலிடமும் பேசுவது பிரெஞ்சு. திரையில் இரண்டுமே ஒரே வெள்ளை எழுத்து. வீட்டில் தமிழ், ஆபீசில் மலையாளம் என்று வாழும் இந்தப் பக்கத்து ஆட்களுக்கு இது ஒரு வரியில் புரிந்திருக்கும். படம் தொடங்கும் முன் அதைச் சொல்லியிருக்கலாம்.

'அந்தோனியா'வில் (1995) ஐந்து மகன்களை வைத்திருக்கும் பக்கத்துப் பண்ணைக்காரர் பாஸ் என்பவராக வருகிறார். சின்ன வேடம்தான், அலட்டாமல் செய்திருக்கிறார்.

உண்மையான விருந்து 'கராக்டர்' (1997). ரோட்டர்டாமில் ஏழைகளை வீட்டைவிட்டு வெளியேற்றும் கோர்ட் அமீனாவாக, ட்ரெவர்ஹாவன் என்ற பாத்திரம். தன் சொந்த மகனையே கடனில் மாட்டி நீதிமன்றத்துக்கு இழுக்கும் தகப்பன். டெக்லெய்ருக்கு வசனம் குறைவு. கருப்பு கோட்டும் தொப்பியுமாக வாசலை அடைத்து நிற்பதே பாதி நடிப்பு. அந்தக் கோட்டுத்தான் இங்கே காணாமல் போனது. ஜன்னல் வெளிச்சம் திரையில் விழுந்தால் கருப்பு சாம்பலாகிவிடும், இருட்டான காட்சியில் ஆள் எங்கே சுவர் எங்கே என்று தெரியாது. இந்தப் படத்தைப் பொழுது சாய்ந்த பிறகே போட வேண்டும். ஜன்னலுக்குக் கருப்புத் துணி போதும். சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கரை 'அந்தோனியா'வும் இதுவும் வாங்கின. 'தான்ஸ்' பரிந்துரைப் பட்டியலோடு நின்றது.

கடைசியாக 'தி சாக் அல்சைமர்' (2003). மறதி நோய் பிடித்த கூலிக் கொலைகாரன் லெட்டா, சிறுமி ஒருத்தியைக் கொல்ல மறுக்கிறான். மறக்காமல் இருக்கக் கையில் எழுதிக்கொள்வதைப் பார்த்து 'கஜினி' என்று பின்வரிசையில் முணுமுணுப்பு வரத்தான் செய்யும். அதில் மறதி ஓர் உத்தி. இங்கே அது வயது, உடம்பு தளர்வது. 2022இல் லியாம் நீசனை வைத்து 'மெமரி' என்று மறுபடியும் எடுத்தார்கள். மூலம் எவ்வளவோ மேல்.

இந்தப் படத்துக்குத்தான் சப்டைட்டில் சறுக்கியது. ஐரோப்பிய டிவிடியில் படம் நொடிக்கு 25 பிரேம் ஓடும், திரையரங்கில் 24. ஒன்றுக்கு எழுதிய சப்டைட்டிலை மற்றொன்றோடு சேர்த்தால் பத்து நிமிடத்தில் 24 நொடி விலகும், இரண்டு மணி நேரத்தில் ஐந்து நிமிடத்தை நெருங்கும். விஎல்சி பிளேயரில் ஜி, ஹெச் விசைகளை அழுத்தி நகர்த்துவது அப்போதைக்குச் சரி, மறுபடியும் விலகும். சப்டைட்டில் திருத்தும் மென்பொருளில் பிரேம் வேகத்தையே மாற்றிச் சேமிப்பதுதான் வழி. பாதியையும் கடைசி வசனத்தையும் முந்தின நாளே ஓட்டிப் பார்க்க வேண்டும். முதல் ஐந்து நிமிடத்தை மட்டும் பார்த்தால் பிழை கண்ணில் படாது. 25 பிரேமில் ஓடும்போது குரலும் நான்கு சதவீதம் ஏறும். வேறு நடிகருக்குப் பரவாயில்லை, டெக்லெய்ரின் கனத்த குரலுக்கு அது நஷ்டம். பிளேயரில் வேகத்தை 0.96 என்று வைத்துச் சுருதி திருத்தத்தை அணைத்தால் பழைய கனம் திரும்பும்.

தொலைக்காட்சிப் பக்கத்தை அடியோடு விட்டுவிட்டார்கள். பிளெமிஷ் குழந்தைகளுக்கு இவர் 1992இல் வந்த 'தாக் சின்டர்கிளாஸ்' தொடரின், பரிசு தரும் வெள்ளைத்தாடிப் பெரியவர். ட்ரெவர்ஹாவனைப் பார்த்த கையோடு அதில் ஒரு பகுதியைப் போட்டிருந்தால், அதே குரல் மிரட்டாமல் கொஞ்சுவதையும் கேட்டிருக்கலாம்.