பீட்டர் லோரேயா, சக்காலா: யாரை முதலில் பார்ப்பது?

'காசாபிளாங்கா' (1942) படம் பார்த்தவர்களுக்கு வரும் குழப்பம் இது. திருட்டுப் பயண அனுமதிகளை வைத்திருக்கும் உகார்ட்டேயாக வரும் பீட்டர் லோரேயைத் தேடிப் போவதா, உணவக ஊழியர் கார்லாக வரும் எஸ். இசட். சக்காலையா? இருவரும் ஆஸ்திரியா-ஹங்கேரியில் பிறந்த யூதர்கள், நாஜிகளால் ஜெர்மனியை விட்டு வெளியேறியவர்கள்.

தொடக்கம்
லோரே: 1931-ல் 'எம்' படத்தில் குழந்தைகளைக் கொல்பவன். இறுதியில் அவன் கதறும் காட்சியில், வேண்டாம் வேண்டாம் என்றாலும் இரக்கம் வந்துவிடுகிறது.
சக்கால்: புடாபெஸ்ட் நகைச்சுவை மேடை. ஹாலிவுட்டுக்கு வந்தபோது வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது.

ஆங்கிலம்
லோரே: 1934-ல் இயக்குநர் ஹிட்ச்காக்கின் படத்துக்கு வசனத்தை ஒலியாகவே மனப்பாடம் செய்தார்.
சக்கால்: தடுமாறும் உச்சரிப்பே முதலீடு.

வேடங்கள்
லோரே: வில்லன், கோழை, கூடவே எட்டுப் படங்களில் ஜப்பானியத் துப்பறிவாளர் மோட்டோ. (ஐரோப்பியரை ஆசியராக்கிய அந்தக் கால வழக்கம் இன்று உறுத்தும்.) 1951-ல் ஜெர்மனி திரும்பி ஒரு படமும் இயக்கினார்.
சக்கால்: கன்னத்தைத் தட்டிக்கொண்டு பதறும் மாமா. பெரும்பாலும் அதேதான்.

நடிப்பைக் கவனிக்க வேண்டும் என்றால் லோரே, 'எம்' படத்திலிருந்து. வேலை முடிந்து களைப்பாக வந்து சிரிக்க வேண்டும் என்றால் சக்கால். 1945-ன் 'கிறிஸ்துமஸ் இன் கனெக்டிகட்' போதும். எனக்கு லோரேதான், ஆனால் இரவில் தனியாகப் பார்க்க மாட்டேன்.