முகத்தை இழுக்க வேண்டாம், தம்பி

மத்திய வீதியில் பழைய டிவிடி, வீடியோ கசெட் எல்லாவற்றையும் பென் ட்ரைவில் ஏற்றித் தருகிற கடை ஒன்று இருக்கிறது. பெயரை எழுதவில்லை, ஏன் என்பது போகப் போக விளங்கும். ஒரு டிஸ்க்குக்கு 600 ரூபா. நான் கொடுத்தது இரண்டு, லண்டனில் இருக்கும் மகள் எப்போதோ அனுப்பிய ஹங்கேரிப் படங்கள். வீட்டு பிளேயர் செத்துப் போச்சு, புது லப்டொப்பில் டிஸ்க் போட வழியே இல்லை.

இரண்டிலும் நடித்தவர் மாரி தொரோச்சிக். பெயரைச் சொன்னதும் கடைப் பெடியன், "தமிழ் ஆளா ரீச்சர்?" என்றான்.

மூன்றாம் நாள் கொண்டுவந்து ரீவியில் குத்தினேன். சத்தம் தெளிவு. ஆனால் மாரியின் முகம்! 1956இல் வந்த ‘கொர்ஹின்டா’ (ராட்டினம் என்று அர்த்தம்) கறுப்பு வெள்ளைப் படம், படச்சட்டம் கிட்டத்தட்டச் சதுரம். இப்போதைய ரீவியில் இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டி விழத்தான் வேண்டும். அந்தப் பட்டி தெரியக்கூடாதென்று கடையில் படத்தை அகலவாட்டில் இழுத்துவிட்டிருக்கிறார்கள். ஒரு கையால் பொத்தக்கூடிய சின்ன முகம் தட்டின ரொட்டி மாதிரி இருக்கிறது.

இதற்கேன் இவ்வளவு கோபம் என்பீர்கள். அந்த முகத்தை எடுத்துவிட்டால் படத்தில் மிச்சம் ஒன்றுமில்லை. நாடகக் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த கிராமத்துப் பெட்டையை இயக்குநர் ஸொல்தான் ஃபாப்ரி கொண்டுவந்து நிறுத்தினார். படம் வந்தபோது வயது 20. காணியோடு காணி சேரவேண்டுமென்று தகப்பன் மாப்பிள்ளை பார்க்கிறார். (சீதனக் காணி பார்த்த ஊர்க்காரருக்கு இதற்கு சப்டைட்டில் தேவையில்லை.) அவள் மனம் வேறொருவனிடம். ஒரு கலியாண வீட்டில், நிச்சயித்தவன் பார்த்துக்கொண்டு நிற்க, மற்றவனோடு ஆடத் தொடங்குகிறாள். முதலில் பயம். பிறகு மூச்சு வாங்குகிறது. சுற்றிச் சுற்றி வரும்போது ஏதோ ஒரு சுற்றில் பயம் காணாமல் போகிறது, எந்தச் சுற்றில் என்று பிடிக்க நான் நாலு தரம் பின்னுக்கு ஓட்டியிருக்கிறேன். இருபத்தெட்டு வருஷம் தமிழ்த் தினப் போட்டிக்கு நாடகம் பழக்கினவள் நான். அழச் சொன்னால் இரண்டு கையாலும் கண்ணைப் பொத்துகிற பிள்ளைகளோடுதான் என் காலம் போனது.

பிறகு புடாபெஸ்ட் தேசிய அரங்கு, நூற்றுக்கு மேல் படங்கள். 1976இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது, பிரெஞ்சு நடிகை டொமினிக் ஸாண்டாவோடு பகிர்ந்து. விருது வாங்கித் தந்த படத்தில் மாரிக்கு மேடை நடிகை வேஷம், எடுத்தவர் கணவர் ஜூலா மார். மாரி 2021இல் 85 வயதில் போய்விட்டார்.

இரண்டாவது டிஸ்க் 1971இல் வந்த ‘ஸெரெலெம்’ (காதல்), காரோய் மக் எடுத்தது. அதில் சப்டைட்டிலை ஏற்றவே மறந்துவிட்டார்கள். மகன் அரசியல் கைதியாகச் சிறையில். படுக்கையில் கிடக்கும் தாய்க்கு அது தெரியாது. மகன் அமெரிக்காவில் படம் எடுக்கிறான் என்று மருமகள் மாரி தானே கடிதம் எழுதிக் கொடுக்கிறாள். தாயாக வருபவர் லிலி டார்வாஷ், ஹிட்லரின் நாசிகளுக்குத் தப்பி அமெரிக்கா போன மேடை நடிகை. வயது போனபிறகு இந்தப் படத்துக்காகத் திரும்பி வந்தவர். எங்கள் ஒழுங்கையில் ஒரு அம்மாவுக்கு நாங்களும் இரண்டு வருஷம், "கனடா போய்ச் சேர்ந்திட்டானாம்" என்று சொல்லிக்கொண்டிருந்தோம். மாரி போல முகத்தை வைத்திருக்க எங்களில் ஒருத்திக்கும் வரவில்லை.

திருப்பிக் கொண்டுபோனேன். காலையில் இருப்பவர், "ஸ்க்ரீன் நிறையத்தானே இருக்கு, சனம் அப்பிடித்தான் கேக்குது" என்று ஃபோனைப் பார்த்துக்கொண்டே சொன்னார். பின்னேரம் போனால் அந்தப் பெடியன். "வட்டமான சாமான் ஏதும் வாற இடம் சொல்லுங்கோ ரீச்சர்" என்றான். ராட்டினக் காட்சியைக் காட்டினேன். நிறுத்தி, திரையில் பத்து ரூபாக் குத்தியை வைத்துப் பார்த்துத் திருத்தினான். காசு வாங்கவில்லை. சப்டைட்டில் சரியா என்று பார்க்கப் போட்ட ‘ஸெரெலெம்’ பிறகும் ஓடிக்கொண்டிருந்தது, ஃபோட்டோக்கொப்பிக்கு வந்த ஆள் நின்றுகொண்டே இருந்தார். "அப்ப கடிதம் எழுதுறது இவதானா?" என்று பெடியன் என்னைக் கேட்டான்.

கடைக்கு ஐந்துக்கு மூன்று புள்ளி. பென் ட்ரைவை நீங்களே கொண்டுபோங்கள், அங்கே விலை கூட. பழைய படமென்றால் இழுக்க வேண்டாம் என்று முதலே சொல்லுங்கள். நாலு மணிக்குப் பிறகு போங்கள்.