ப்ராஜெக்ட் ஸோம்பாய்ட்: நாலு வருஷமா செத்து செத்து ஆடுறேன்

ஸோம்பிங்க (நடமாடுற பொணங்க) நடுவுல உயிர் தப்பிக்கிற கம்ப்யூட்டர் கேம் இது, 2021 டிசம்பர்ல இதோட பில்ட் 41ங்கிற வெர்ஷன் ஸ்டேபிளா (சோதனை முடிஞ்சு) வந்தப்போ வாங்கினது. கேம் ஸ்டீம்ங்கிற ஆன்லைன் கேம் கடைல ஏர்லி ஆக்சஸ்ல, அதாவது முழுசா செஞ்சு முடிக்காமலே, வந்தது 2013 நவம்பர்ல. இன்னும் முடிக்கலையான்னு ஃப்ரெண்ட்ஸ் கேக்குறாங்க, ஆனா இவ்ளோ பயம் காட்டின கேம் வேற எதையும் நான் ஆடினதில்ல.

கதை நடக்குறது 1993 ஜூலை, அமெரிக்கால கென்டக்கி பக்கம். மேலேர்ந்து பாக்குற மாதிரி கேமரா, கிராஃபிக்ஸ் பாத்தா பழைய கேம் மாதிரி இருக்கும். 'நீ இப்படித்தான் செத்த'ன்னு ஆரம்பத்துலயே கேம் சொல்லிடுது, அதாவது ஜெயிக்கிறதுன்னு ஒண்ணு கிடையாது, எத்தனை நாள் தாங்குறோம்ங்கிறதுதான் ஆட்டம்.

பயம் ஸோம்பியால வர்றதில்லங்க, சத்தத்தால வருது. மல்ட்ரா ஊர்ல ஒரு வீட்டு ஜன்னல உடைச்சேன், சட்டத்துல நின்ன கண்ணாடிய எடுத்துப் போடாம அவசரத்துல ஏறிட்டேன், கை கிழிஞ்சு ரத்தம் கொட்டுது, உள்ள உக்காந்து சட்டையக் கிழிச்சு கட்டு போட்டுட்டு இருக்கேன், அப்போ பாத்ரூம் கதவ உள்ளேர்ந்து யாரோ தட்டுறாங்க. தட் தட்னு. ஹெட்போன் போட்டிருந்தேன், நிஜமாவே கழட்டி வச்சுட்டு எழுந்து தண்ணி குடிச்சேன்.

ஸோம்பியால கீறல் பட்டா ஸோம்பி நோய் தொத்துறதுக்கு 7 சதவீதம் வாய்ப்பு, சதை கிழிஞ்சா 25, கடி வாங்கினா கதை முடிஞ்சது. அந்த 7 சதவீதத்த வச்சுகிட்டு ரெண்டு நாள் காய்ச்சல் வருதா வருதான்னு பாத்துட்டு இருக்குறது இருக்கே, அதுக்கு ஈடா ஒரு பேய் கேமும் இல்ல. 6லேர்ந்து 9வது நாளுக்குள்ள ஹெலிகாப்டர் ஒண்ணு வரும், அந்த சத்தத்துக்கு சுத்துப்பட்டு கூட்டமே உங்க பின்னாடி வந்துடும். புதுசா ஆடுறவங்க அன்னிக்கு வெளிய தலை காட்டாம உள்ளயே இருங்க.

2024 டிசம்பர்ல அடுத்த வெர்ஷன் பில்ட் 42 அன்ஸ்டேபிளா, அதாவது சோதனைக்காக, வந்துச்சு. பேஸ்மென்ட், ஆடு மாடு கோழி வளக்குறது, புது லைட்டிங் எல்லாம் சேந்துருக்கு. இருட்டு இப்போ நிஜமான இருட்டு, டார்ச் இல்லாம பேஸ்மென்ட்ல இறங்கவே மனசு வராது. கோடாலிய வீசிட்டே இருந்தா கை தசை வலிக்குற மாதிரியும் வச்சிருக்காங்க, எனக்கு அது ஓவரா தெரிஞ்சதால சாண்ட்பாக்ஸ்ங்கிற செட்டிங்ல கொறச்சுட்டேன், இப்படி எதையும் நம்ம இஷ்டத்துக்கு மாத்திக்கலாம்ங்கிறதுதான் இத்தனை வருஷம் ஓட்டினதுக்கு பெரிய காரணம். பில்ட் 41ல சேவ் பண்ணி வச்ச ஆட்டம் இதுல ஓடாது, பழைய மாட் (ஆடுறவங்களே செஞ்சு சேக்குற மாற்றங்கள்) நிறைய வேலை செய்யாது, அத தெரிஞ்சுகிட்டே மாறுங்க. பொறுமை இல்லாதவங்க ஸ்டேபிள்லயே இருங்க, ஒண்ணும் குறைஞ்சிடாது.

மொத ஒரு மணி நேரம் ஒண்ணுமே புரியாது. அப்போ விட்டுடாதீங்க, கேமுக்குள்ள மொத வாரம் டிவி ஓடும், அதுல வர்ற சமையல், தச்சு வேலை ஷோவ பாத்தாலே ஸ்கில் ஏறும், அங்கேர்ந்து தொடங்குங்க.

இப்போ நான் ஆடுற கேரக்டர் 23வது நாள்ல இருக்கான். கரண்ட் போயாச்சு, ஃப்ரிட்ஜ்ல இருந்த கறி கெட்டுப்போச்சு. ஜெனரேட்டர் கிடைச்சுடுச்சு, அத கனெக்ட் பண்ண சொல்லித்தர்ற புக்குதான் இன்னும் கையில சிக்கல. இன்னிக்கு ராத்திரி அடுத்த தெரு வீடுகள்ல தேடணும்.